எலும்பு முறியும் சத்தம்

மில்டுரா,
6 மார்ச் 1988

அன்புத் தம்பி தனாசிக்கு,

நானும் மகள் இரினியும் நலம். தாடைதான் மெல்லும்போது வலிக்கிறது. உனக்குப் பரிசு வாங்கித் தந்த படத்தை நேற்று இங்கே பார்த்தேன். "ஒலி வேலை உன் தம்பியா? அடி நம்ம மேலயே விழுதுடி!" என்றாள் பக்கத்து இருக்கைக்காரி. நான் கழிவறைக்கு ஓடி வாந்தி எடுத்தேன். அந்தச் சமையலறைச் சண்டையில் பெண்ணின் தாடை உடைகிறதே, அதை எதை வைத்துச் செய்தாய்?

என் தாடை உடைந்த வழக்கு பதினெட்டாம் தேதி. "அவளா படியில விழுந்தா" என்று என் வீட்டுக்காரன் மிஹாலிஸ் சாதிக்கிறான். எனக்குச் சாட்சி இல்லை. தோற்றால் இரினியை அவனிடம் விட வேண்டியிருக்கும் என்கிறார் வக்கீல்.

உன் அக்கா,
ஸ்டவ்ரூலா

மெல்போர்ன்,
9 மார்ச்

என் அருமை அக்காவுக்கு,

சினிமாவில் எது நிஜம்? செலரிக் கீரைத் தண்டை ஈரத் துணியில் சுற்றி முறுக்கினால் எலும்பு. பன்றி இறைச்சியைக் குத்தினால் முகம். நீ பயந்த சுபாவம், இந்த மாதிரிப் படத்துக்கெல்லாம் ஏன் போகிறாய்? நேரத்துக்குச் சாப்பிடு.

தனாசி

மில்டுரா,
11 மார்ச்

தனாசி,

மறுபடி போய்க் கண்ணை மூடிக்கொண்டு கேட்டேன். அடிக்கு முன்னால் இருமுவது என் பழைய குளிர்பெட்டி. முதலில் வாயில் குத்து, அப்புறம் மேசை முனையில் தாடை. வரிசை மாறவில்லை. செலரித் தண்டு "மாதாவே" என்று முனகுமா? போன வருஷத்துக்கு முந்தின ஜூலையில் மழைச் சத்தம் பதிய வந்தாயே, அன்று பதிந்ததுதானே? மூல நாடாவை அனுப்பு. திட்ட மாட்டேன்.

ஸ்டவ்ரூலா

மெல்போர்ன்,
14 மார்ச்

அக்கா,

மன்னித்துவிடு. தகரக் கூரை மழைக்காகப் பின்வாசலில் கருவியை ஓடவிட்டுச் சிகரெட் வாங்கப் போயிருந்தேன். வந்தபோது நீ ஆஸ்பத்திரியில். பிற்பாடு இங்கே கேட்டபோதுதான் தெரிந்தது. படத்துக்காக ஆறு வாரம் செலரி உடைத்தேன். "பொய்யா இருக்குய்யா!" என்று இயக்குநர் கத்திக்கொண்டே இருந்தார். கடைசியில் உன்னுடையதைப் படியெடுத்து ஒட்டினேன். வெட்கமாக இருக்கிறது. மூல நாடாவை ஒலிக்காரர்கள் யாரும் வெட்டுவதில்லை, அதனால் முழுசாக இருக்கிறது. இத்துடன் அனுப்புகிறேன். அந்த நாய் உள்ளே போகட்டும்.

தனாசி

மில்டுரா,
19 மார்ச்

தனாசிக்கு,

மிஹாலிஸ் குற்றவாளி என்று தீர்ப்பு. இரினி என்னோடு இருப்பாள்.

உனக்கு வேண்டிய துண்டோடு நீ கேட்பதை நிறுத்தியிருப்பாய். நீதிபதி கடைசி வரை ஓடவிட்டார். பதினோரு முறை அடிக்கிறான். நான் விழுகிறேன். அவன் கதவை அறைந்துவிட்டுப் போகிறான். கொஞ்ச நேரம் மழை. ஒவ்வொரு பதிவையும் முடிக்கும்போது அடையாளத்துக்கு ஒலிக்காரர்கள் நீங்கள் ஒன்று சொல்வீர்களே, அதைச் சொல்கிறாய். குரல் நடுங்கவே இல்லை.

"மில்டுரா. கூரை மழை. உள்ள அடிதடி. சுத்தமா வந்திருக்கு, வெச்சுக்கலாம்."

மிஹாலிஸ்கூடத் தலை நிமிர்ந்து பார்த்தான்.

நீ வெளியில் இருக்கிறாய், ஓடி வந்துவிடுவாய் என்றுதான் அன்றைக்கு அப்படிக் கத்தினேன். இனி எனக்கு எழுதாதே.

ஸ்டவ்ரூலா