மாஸ்டர் கட்டிலில் அமைத்த நடனம்

ஜூலை 8, செவ்வாய்

விடிந்ததிலிருந்து மழை. கொட்டகலை கடைத்தெருவே பனிமூட்டத்தில் காணோம். முழங்கால் வீக்கம் அப்படியே. ஒத்தடம், மாத்திரை, மறுபடி ஒத்தடம்.

சனிக்கிழமை கொழும்பிலிருந்து படம் பிடிக்க வருகிறார்கள். மாஸ்டரின் கடைசி நடனம். பக்கவாதத்தில் நடையும் பேச்சும் போய், கைகள் மட்டும் மிஞ்சி, டிக்கோயாவில் தங்கை வீட்டுக் கட்டிலில் கிடந்தபடி அமைத்தது. அதை ஆடத் தெரிந்தவள் நான் ஒருத்திதான். அவர் குழுவில் இத்தனை வருஷம் பாலே ஆடியதற்கு மிச்சம் அதுவும் இந்த முழங்காலும்.

அண்ணி: "காலு போச்சுன்னா செத்துப்போன மாஸ்டரா வந்து தூக்கப் போறாரு?" எரிச்சல்.

ஜூலை 9, புதன்

வாசிகசாலையில் ஒத்திகை. கூரை ஒழுக்கு. வாளி வைத்துவிட்டு ஆடினேன். நடுவில் வரும் அந்த முழங்கால் மடிப்பு, உயிர் போய் உயிர் வந்தது.

எழுந்து ஆட முடியாத நேரம் கால் அசைவைக் கையால் காட்டுவது நடனக்காரர் வழக்கம். ஒரு கை ஒரு பாதம். மாஸ்டரும் போர்வை மேல் அப்படித்தான் காட்டினார். நான் எழுந்து காலால் ஆடுவேன். உடனே உள்ளங்கையைக் கீழே கீழே அழுத்துவார். இன்னும் மடி, இன்னும். மடித்தேன். மனுஷனுக்குத் திருப்தியே வராது.

வாங்க: பிளாஸ்டர், தைலம், அண்ணிக்கு நெத்திலி.

ஜூலை 10, வியாழன்

டிக்கோயா. பஸ்ஸில் நின்றுகொண்டே. மாஸ்டரின் தங்கை பார்க்க ஆசைப்பட்டார். ஊருக்கே அவர் டீச்சர். அந்தக் கட்டில் பக்கத்திலேயே ஆடினேன்.

"இதுதான் அண்ணன் செஞ்சதா?"

"ஆமாங்க டீச்சர். கையால காட்டுனாருங்க. நான் காலுக்கு மாத்துனேன்."

"நீ வராத நாள்லயும் செய்வாரு புள்ள. தனியா, ஜன்னலப் பாத்துக்கிட்டு. கை மட்டும் அவ்வளவு அழகா ஆடும். நீ எந்திரிச்சு ஆடுனா மூஞ்சியத் திருப்பிக்குவாரு. ஒக்காரு ஒக்காருன்னு கையக் காட்டுவாரே, நீ ஏன் ஒக்காரவே இல்ல? ஒங்க ரெண்டு பேருக்கும் புரியும்னு நான் பேசாம இருந்துட்டேன்."

தேநீரைக் குடித்தேனா, தெரியவில்லை.

ஜூலை 11, வெள்ளி

ஒத்திகை இல்லை. மழை. டீச்சருக்கு நடனத்தைப் பற்றி என்ன தெரியும் என்று எனக்கே சொல்லிப் பார்த்தேன். எடுபடவில்லை. உள்ளங்கையைக் கீழே அழுத்தியது, வீட்டுக்கு வந்தவர்களை உட்காரச் சொல்லி நாம் எல்லாரும் காட்டுகிற கைதான். கைக்கென்றே அமைத்த, காலே இல்லாத நடனம். ஐயோ மாஸ்டர்.

அண்ணி சோறு கொண்டுவந்து வைத்தாள்.

ஜூலை 12, சனி

மழை விட்டிருக்கிறது. கெமராக்காரர் தரையோடு குனிந்தார். "காலு நல்லா தெரியிற மாதிரி வைக்கவா மிஸ்?"

"வேணாங்க. கை தெரிஞ்சா போதும்."

நாற்காலி கேட்டு உட்கார்ந்தேன். வலது கை முன்னால், இடது கை பின்னால், ஜன்னல் பக்கம் ஒரு திரும்பல். அது சரி. விரல்? மணிக்கட்டு? கட்டை மாதிரி இரண்டு கை மடியில்.

"மறந்துருச்சா மிஸ்?"

மறக்கவில்லை. அத்தனை மாதம் எதிரே இருந்தும் அந்தக் கைகளை நான் பார்க்கவே இல்லை. பார்த்ததெல்லாம் இரண்டு பாதம்.