கொட்டகைச் சுவரில் பூசிய கரி

என் வீட்டுக்காரருக்கு,

நீங்கள் சொன்னபடியே இன்று காலையில் கொட்டகையில் கட்டிலைப் போட்டேன், கொடியில் துணி காயவைத்தேன், சுவரில் அடுப்புக்கரியைப் பூசினேன். மூன்று வருஷமாகக் குடியிருக்கிற வீடு போலவே இருந்தது. கொட்டகைக்கு மேலே வரப்போகிற உயர் அழுத்த மின்கம்பியை, குடியிருக்கிற வீடென்றால் இழுக்கக் கோர்ட் விடாது, பாதையைத் திருப்பிவிடுவார்கள் என்றீர்கள். எந்தப் பக்கம் திருப்புவார்கள் என்று மட்டும் வாயே திறக்கவில்லை.

ஆய்வுக்கு வந்த கோர்ட் கமிஷனர் அந்தக் கட்டில்மேலேயே வரைபடத்தை விரித்தார். மாற்றுப் பாதை என் தம்பி வீட்டு மொட்டைமாடியை உரசிக்கொண்டு போகிறது. அவன் பிள்ளைகள் நாள் முழுக்க அங்கேதான் ஆடுகிறார்கள். உங்களுக்குத் தெரியாததா?

"இங்க யாரும்மா குடியிருக்காங்க?"

"நான்தாங்க."

"எத்தனை வருஷமா?"

நம் வக்கீல் என்னை முறைத்தார்.

"இன்னைக்குக் காலையிலேருந்துங்க."

கமிஷனர் எழுதிக்கொண்டு என்னிடம் கையெழுத்து வாங்கினார்.

உங்கள் சாப்பாட்டை மூடி வைத்திருக்கிறேன். வீட்டுச் சாவி பூந்தொட்டிக்கு அடியில் இருக்கிறது. கையெழுத்துப் போட்டுச் சொன்னது பொய்யாகிவிடக் கூடாது. அதனால் கட்டிலை இங்கிருந்து எடுக்கப்போவதில்லை.

இப்படிக்கு,
கொட்டகையில் குடியிருப்பவள்