சிசிலியா பேசிய பகுதி

பிப்ரவரி 11

சிசிலியா இன்று வாயைத் திறந்தாள். பழம் பறிக்க ஆஸ்திரேலியா போன ஆண்களின் மனைவிகளை நான்கு வருடமாகப் படம் பிடிக்கிறேன். எல்லாரும் புருஷன் எப்போது வருவான் என்று ஏங்குகிறார்கள். இவள் ஒருத்திதான் வரவே கூடாது என்கிறாள். சட்டையை இறக்கித் தோள் தழும்பைக் காட்டினாள். பதறிப்போனேன்; கூடவே, படத்துக்கு உயிர் வந்துவிட்டது என்ற சந்தோஷமும். முகம் வராது, குரலை மாற்றுவேன், படம் முடிகிறவரை வேறு யாரும் கேட்க மாட்டார்கள் என்று சத்தியம் செய்திருக்கிறேன்.

ஒலிப்பதிவு செய்யும் சைமோனேயை வெளியே அனுப்ப வேண்டியிருந்தது. அவள் அவனுக்குத் தாய்மாமன் மகள். டோங்காவில் எங்களுக்கு அதுவும் தங்கைதான். புருஷன் பெண்டாட்டி சமாச்சாரம் அண்ணன் காதில் விழக் கூடாது. ஒலியையும் நானே பார்த்தேன்.

பிப்ரவரி 12

குடி கெட்டது. மின்விசிறி இரைச்சலில் பாதிப் பேச்சு கேட்கவில்லை. நிறுத்தச் சொல்லத் தோன்றவில்லையே, மடச்சி!

மறுபடி பேசச் சொன்னால், "ஒரு தடவை சொன்னதே பெரிசுக்கா. சனிக்கிழமை அவரு வந்துடுவாரு" என்கிறாள். ஆக்லாந்து திரைப்பட விழாவுக்கு இந்த மாத முடிவுக்குள் அனுப்ப வேண்டும். இரைச்சலை நீக்கத் தெரிந்தவன் இங்கே ஒருவன்தான். அவன் கேட்கக் கூடாது. என்ன செய்வேன்?

பிப்ரவரி 14

வழியை சைமோனேயே சொன்னான். "ஹெட்போனை நீங்க மாட்டிக்குங்க. நான் திரையில ஒலி அலையை மட்டும் பார்த்துச் சரி பண்றேன். நல்லாயிருந்தா தலையாட்டுங்க."

காலை முழுக்க அப்படியே போனது. மதியம் கையை நிறுத்தினான்.

"இங்க ரொம்ப நேரம் பேச்சு அலையே இல்ல. அழறாளா?"

நான் திரையையே பார்த்தேன்.

"அடிக்கிறானா?"

நான் ஒரு வார்த்தை சொல்லவில்லை. சத்தியமாகச் சொல்லவில்லை. வேன் சாவியை எடுத்துக்கொண்டு போய்விட்டான். போன் போட்டால் எடுக்கவில்லை. என் முகம்தான் காட்டிக் கொடுத்ததா? இவன் ஏடாகூடமாக ஏதாவது— ச்சே, இந்த நேரத்திலும் எனக்குப் படக் கவலை. வெட்கமாக இருக்கிறது.

பிப்ரவரி 15

சிசிலியாவையும் பிள்ளைகளையும் பாய் சட்டியோடு தன் அம்மா வீட்டுக்கு ஏற்றி வந்திருக்கிறான். அவளை ஒன்றும் கேட்கவில்லையாம்.

பிப்ரவரி 16

யார் சொன்னார்களோ, புருஷன்காரன் விமான நிலையத்திலிருந்து நேரே அங்கே வந்தான். முற்றத்தில் அண்ணன் தம்பிகள் வரிசையாக உட்கார்ந்து காவா வேர்ச்சாறு குடித்துக்கொண்டிருந்தார்கள். நான் உள்ளே சிசிலியாவின் கையைப் பிடித்தபடி நின்றேன்.

"வா மச்சான், ஒரு வாய் குடிச்சுட்டுப் போ" என்றான் சைமோனே. குரலில் கோபமே இல்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

வந்தவன் வண்டியை விட்டு இறங்காமலே திரும்பிப் போனான்.

பிப்ரவரி 21

சிசிலியா வந்தாள். "அக்கா, நான் பேசினதைப் படத்துலேர்ந்து எடுத்துடுங்க. அன்னிக்கு யார்கிட்டயாவது சொல்லாட்டி செத்துருவேன்னு இருந்துச்சு. இப்ப எங்கண்ணனுக்குத் தெரியும். அது போதும்."

நாலு வருஷம்டி, நாலு வருஷம்! கத்த வேண்டும்போல் இருந்தது. சரி என்றேன். அவள் போன பிறகு அழுதேன்.

பிப்ரவரி 28

வெட்டி அனுப்பிவிட்டேன். பல் பிடுங்கின வாய் மாதிரி இருக்கிறது படம்.

மே 3

விழாவில் இடமில்லை. "அழகான படம், ஆனால் ஏதோ குறைகிறது" என்று எழுதியிருக்கிறார்கள். எனக்குத் தெரியாதா?

மே 9

தெரியாத எண்ணிலிருந்து ஒரு பெண்.

"படம் எடுக்கிற லூப்பே அக்காதானே? சிசிலியாதான் நம்பர் கொடுத்தா. அவளை மாதிரி நானும் பேசணும். அவரு அடுத்த வாரம் வர்றாரு."

மனசு முதலில் கேமராவைத்தான் தேடியது. அதை ஒதுக்கிவிட்டுக் கேட்டேன்: "படம் கிடக்கட்டும்மா. உன் அண்ணன் தம்பி யாரு?"

"எல்லாரும் ஆக்லாந்து போயிட்டாங்க. இங்க யாரும் இல்லக்கா. அதான் உங்களைக் கூப்பிட்டேன்."