ஹலோரனின் ஏழு வருடங்கள்

ஏவன்டேல், ஒக்லண்ட்
12.03.1985

அன்பின் அத்தானுக்கு,

நானும் பிள்ளையும் சுகம். அண்ணை வீட்டிலிருந்து வாடகை வீட்டுக்கு வந்து ஒரு மாதமாகிறது. தமிழில் கேட்டால் பிள்ளை இங்கிலிசில்தான் பதில் சொல்கிறாள். அப்பா வந்தால் அவரோடு தமிழில் சண்டை பிடிப்பாளாம்.

உங்களுக்குச் சொல்ல ஒரு புதினம் இருக்கிறது. நியூ லின்னில் நான் வேலை செய்யும் தையல் கடைக்கு ஒரு சினிமாக் கொம்பனி உடுப்பு வேலை கொடுத்திருக்கிறது. நடிக்க வந்திருப்பவர் உங்கள் எட்வின் ஹலோரன். கலியாணமான புதிதில் என்னை வீட்டில் விட்டுவிட்டு நீங்கள் பார்க்கப் போனதெல்லாம் இவருடைய படங்களைத்தான். இப்போது வயது எழுபத்தொன்று. அளவெடுத்தது நான்.

உங்கள் விசா ஆனியோடு முடிகிறது. பயணத்தை இரண்டு தரம் தள்ளிப் போட்டுவிட்டீர்கள். இனி நீட்டித் தரமாட்டார்களாம்.

உங்கள் ரதிதேவி


கொக்குவில்
29.03.1985

அன்புள்ள ரதி,

உம்முடைய கடிதத்தை மூன்று தரம் வாசித்தேன். ஹலோரனுக்கு அளவெடுத்துவிட்டு அதை இவ்வளவு சாதாரணமாக எழுத உம்மால்தான் முடியும்.

கோமாளியாகத் தொடங்கிய மனிதன். பிறகு கொலைகாரனாக வந்தார். அடுத்த படத்தில் பாதிரியார். பழைய கொலைகாரனின் சாயல் ஒரு விரலில்கூட இல்லை. பிறகு வயல் உழும் கமக்காரன், நீதிபதி, கண் தெரியாத பியானோக்காரன். படம் பார்த்த எல்லாரும் அவரைத் தங்கள் வீட்டு ஆளாகத்தான் நினைத்தார்கள். ஒருநாள் எனக்காக அவரிடம் கேளும், இத்தனை பேரும் உங்களுக்குள் எங்கிருந்து வந்தார்கள் என்று.

பள்ளிக்கூடத்தில் சோதனை நெருங்குகிறது, இப்போது வர முடியாது. வந்தும் என்ன செய்வது? கோழி வெட்டும் ஆலையில் ஆள் எடுக்கிறார்கள் என்று உம்முடைய அண்ணன் தவராசா எழுதியிருந்தார். இருபத்திரண்டு வருடம் ஆங்கில இலக்கியம் படிப்பித்தவன் நான். கோபிக்காதேயும்.

குலசிங்கம்


ஏவன்டேல்
20.04.1985

அன்பின் அத்தானுக்கு,

கேட்டேன். என் இங்கிலிசுக்கு அவர் சிரிக்கவில்லை.

இந்தப் படத்தில் அவருக்கு ஹோட்டலில் பெட்டி தூக்கும் கிழவன் வேடம். கோட்டின் வலத் தோளை மட்டும் தேய்த்துப் பழசாக்கித் தரச் சொன்னார். வெறும் பெட்டி வேண்டாமென்று செங்கல் நிரப்பிக் காலையிலிருந்து தூக்கிப் பழகினார். அந்த இடைவேளையில்தான் உங்கள் கேள்வியைக் கேட்டேன்.

அவர் சொன்னார்: “நடுவில் ஏழு வருடம் எனக்குப் படமே இல்லை, அம்மா. ஒரு கடையில் சப்பாத்து விற்றேன். வருகிற ஒவ்வொருவரின் காலடியிலும் குனிந்து இருந்தேன். வெளியில் யாருக்கும் சொல்லவில்லை, அவ்வளவு வெட்கம். பிறகு நான் நடித்த ஆட்கள் எல்லாரையும் அந்தக் கடையில்தான் பார்த்தேன்.”

உங்களை வரவைக்க நான் கட்டிய கதை என்று நினைப்பீர்கள். சத்தியமாக இல்லை.

இன்னொன்று. நகரத்தில் ஒரு தியேட்டரில் அவருடைய பழைய படங்களைப் பகலில் போடுகிறார்கள். மூன்று படத்துக்குத் தனியே போனேன். பாதிரியார் படத்தில் அழுதுவிட்டேன். நீங்கள் பக்கத்தில் இருந்தால் அழ விடாமல் விளக்கம் சொல்லிக்கொண்டிருப்பீர்கள். அந்த எரிச்சல்கூட எனக்கு இப்போது வேண்டியிருக்கிறது.

ரதி


கொக்குவில்
09.05.1985

அன்புள்ள ரதி,

ஹலோரனைப் பற்றி நான் எழுதி வைத்திருக்கும் கொப்பியில் அந்த ஏழு வருடம் வெறுமையாகவே கிடக்கிறது. சுகமில்லாமல் இருந்தார் என்று மாணவர்களுக்குச் சொல்லி வந்தேன். அப்படித்தான் எனக்கு நினைக்கத் தோன்றியது.

உமக்கு ஒன்று சொல்லவேண்டும். சோதனை என்று நான் எழுதியது பொய். தை மாதத்திலிருந்து பள்ளிக்கூடம் நடக்கவில்லை. பக்கத்தில் ஆமி முகாம் வந்தபின் பிள்ளைகள் வருவதில்லை. நான் மட்டும் தினமும் சட்டையை மடிப்பு விழ அழுத்திப் போட்டுக்கொண்டு போகிறேன். வெறும் வகுப்பில் மத்தியானம்வரை இருந்துவிட்டுத் திரும்புகிறேன். அயலில் யாரும் கேட்டால், இன்று நல்ல வகுப்பு என்கிறேன். அங்கே வந்தால் வாத்தியார் இல்லாமல் போய்விடுவேன் என்று பயந்தேன். இங்கேயே இல்லாமல் போய் நாலு மாதமாகிறது, ரதி. உம்மிடம் அதைச் சொல்லத்தான் வெட்கமாக இருந்தது.

பன்னிரண்டு வருடத்தில் ஒரு படத்துக்கும் நான் கூட்டிப் போகாத நீர், எனக்காகத் தனியே போய் இருந்து அழுததை வாசித்த பிறகு இனி மறைக்க மனம் வரவில்லை.

நேற்று வகுப்பறையைப் பூட்டித் திறப்பைப் பள்ளிக்கூட அதிபரிடம் கொடுத்துவிட்டேன். ஆனி பதினாலாம் திகதி கொழும்பிலிருந்து விமானம். ரிக்கற் கையில் இருக்கிறது. கோழி ஆலையில் இடம் இருக்கிறதா என்று தவராசாவிடம் கேட்டு வையும். முதல் நாள் மட்டும் வாசல்வரை என்னோடு வாரும். உள்ளே நான் தனியே போவேன்.

உம்முடைய
குலசிங்கம்