உங்கள் தலைக்கு மேலே என் தரை

அக்கா,

அறையில் புதுப் பலகை வாசனை இன்னும் போகவில்லை. கடையிலிருந்து அப்போதுதான் பிரித்த பொம்மையின் வாசனை. சன்னலைத் திறந்து வைத்தேன், சாம்பிராணி போட்டேன், போகவில்லை. தம்பி என்று நாம் கூப்பிடும் என் மகன் தூங்குகிறான். அவன் மூக்கருகே விரலை வைத்துப் பார்த்துவிட்டு வந்துதான் இதை எழுதுகிறேன். இந்த வாசனை குழந்தைக்கு ஆகுமா என்று கைப்பேசியில் தேடினேன். ஆகும் என்று ஒருவர், ஆகவே ஆகாது என்று ஒருவர். இரண்டையும் நம்பிவிட்டேன். "நீ படிச்சதுதான்லா உனக்கு நோயே" என்று நீங்கள் சொல்லும் இடம் இது.

படுக்கையறைத் தரையை மூடிவிட்டோம், அக்கா. பழைய மரப்பலகைக்கு மேலே லேமினேட் என்ற மெல்லிய செயற்கைப் பலகை போட்டாயிற்று. இப்போது இங்கே நடந்தால் சத்தமே இல்லை. நான் நடப்பது எனக்கே கேட்கவில்லை என்பதால் யாரோ என் பின்னால் வருவது போலத் திரும்பித் திரும்பிப் பார்க்கிறேன்.

டத்தோ கிராமாட்டில் இந்த வீட்டுக்கு நாங்கள் குடிவந்தபோது, மேல்மாடி எங்களுக்கு, கீழ்வீடு உங்களுக்கு என்றுதான் வீட்டுக்காரர் சொன்னார். என் தரைதான் உங்கள் கூரை என்பதைச் சொல்லவில்லை. நடுவே ஒரே ஒரு அடுக்குப் பலகை, அதிலும் இடுக்குகள். சாயங்காலம் நீங்கள் விளக்குப் போட்டால் என் தரையில் கோடு கோடாக வெளிச்சம் முளைக்கும். நீங்கள் மிளகாய் வறுத்தால் நான் தும்முவேன். நான் கொஞ்சம் தாராளமாகத் தண்ணீர் விட்டுத் துடைத்தால், துடைப்பக்கட்டையால் கூரையை இடித்து, "அடியே மேல் வீட்டுக்காரி, இங்க மழை பெய்யுது! என் இடியாப்பம் நனையுது!" என்று கத்துவீர்கள்.

எனக்கு அது பிடிக்கவில்லை என்பது உங்களுக்குத் தெரியும். உங்களுக்குத் தெரியாதது எது? கல்யாணமான புதிதில் நானும் இவரும் சண்டை போட்ட மறுநாள், படிக்கட்டில் என்னை நிறுத்தி, "நேத்து நீதான் ஜெயிச்ச. ஆனா அவன் அம்மாவ இழுத்தது தேவையில்ல" என்று தீர்ப்புச் சொன்னீர்கள். எனக்குக் காது சிவந்துவிட்டது. அன்றைக்கே இவரிடம், "இந்தத் தரைக்கு மேல எதையாவது போட்டு மூடுங்க, இல்லன்னா வீடு மாத்துங்க" என்றேன். மெதுவாகத்தான் சொன்னேன். மறுநாள் காலையில் கீழேயிருந்து குரல்.

"போடு லா, போடு! என் தலையில தூசி விழாது. ஆனா உங்க நாடகம் நின்னுபோச்சின்னா எனக்குப் பொழுது எப்படிப் போகும்?"

இவர் பல் துலக்கிக்கொண்டே சிரித்துப் புரையேறினார். நான்தான் சிரிக்கவில்லை.

பாயான் லெப்பாஸ் தொழிற்சாலையில் இளமை முழுவதும் இயந்திரச் சத்தத்தில் நின்றவர் நீங்கள். அதனால் உரக்கத்தான் பேசுவீர்கள். ஆனால் காது மட்டும் எப்படி அவ்வளவு கூர்மையாக இருந்தது என்பது எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. தம்பி பிறந்து வீட்டுக்கு வந்த வாரம், அவன் அழ ஆரம்பித்து நான் எழுந்து உட்காரும் முன்னாலேயே நீங்கள் படியேறி வந்துவிடுவீர்கள். "வயித்துல காத்து. தோள்ல போடு." தோளில் போட்டால் அடங்குவான். நீங்கள் சொன்னதெல்லாம் சரியாக இருக்கவில்லை. வசம்பைச் சுட்டுத் தேனில் குழைத்து நாக்கில் தடவச் சொன்னீர்கள், நான் குழந்தையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு மறுத்தேன். அவன் எடையை வைத்து நாலு நம்பர் லாட்டரி வாங்கினீர்கள், அதுவும் விழவில்லை. "உன் மகன் என்னை ஏமாத்திட்டான்டி" என்று ஒரு வாரம் அவனோடு பேச்சு வார்த்தை இல்லை. அவன் சிரித்த அன்றைக்கு ராசியாகிவிட்டீர்கள்.

அவன் குப்புற விழப் பழகிய நாட்களில்தான் தைப்பிங்கில் உங்கள் தம்பி மகள் கல்யாணத்துக்குப் போனீர்கள். "ரோஜாவுக்குத் தண்ணி ஊத்து, உன் வீட்டுத் தண்ணி மாதிரி மேலேருந்து ஊத்தாத" என்று சொல்லிவிட்டுப் பஸ் ஏறினீர்கள். கல்யாண வீட்டிலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தீர்களாம். நாங்கள் குழந்தையைத் தூக்கிக்கொண்டு தைப்பிங் வந்து சேர்ந்தபோது உங்களைச் சுற்றிப் பெண்கள் அழுதுகொண்டிருந்தார்கள். நீங்கள் மட்டும் சத்தமில்லாமல் இருந்ததைப் பார்க்கத்தான் எனக்குத் தாங்கவில்லை.

பிறகு கீழ்வீட்டுக்கு ஒரு புதுமணத் தம்பதி வந்தார்கள். கணவருக்குக் கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல் பக்கம் ஒரு நாசி கண்டார் சோற்றுக்கடையில் வேலை. மனைவி பெயர் மரியம், என்னைவிடச் சின்னவள். படிக்கட்டில் பார்த்தால் சிரிப்போம். அவ்வளவுதான். அவளுக்குக் கூரையை இடிக்கத் தெரியவில்லை. எனக்கு யாரிடமும் எதையும் கேட்டுப் பழக்கமில்லை. இவருக்கு இரவு ஷிப்ட் வரும் வாரங்களில், தம்பிக்கு ஏதாவது ஆகி நான் கத்தினால் யார் வருவார்கள் என்று நினைத்துக்கொண்டே படுத்திருப்பேன்.

தம்பி தவழ ஆரம்பித்தான். பழைய பலகையின் சிராய் அவன் முழங்காலில் ஏறியது. அதை எடுக்க நான் ஊசியோடு உட்கார, அவன் அலற, நானும் அழுதேன். மறு வாரமே லேமினேட் வாங்க முடிவானது. வீட்டுக்காரர் ஒரே நிபந்தனைதான் போட்டார்: பழைய பலகையில் புது ஆணி ஒன்றுகூட இறங்கக் கூடாது. லேமினேட்டுக்கு ஆணி வேண்டாம். அடியில் மெத்தென்ற ஃபோம் விரித்து, அதன்மேல் பலகைகளை ஒன்றோடொன்று கோர்த்துக்கொண்டே போனால் போதும், மொத்தமும் ஒரே பாய் போலப் படுத்துக்கொள்ளும். "நானே போட்டுடுவேன், வீடியோ பாத்துட்டேன்" என்றார் இவர்.

வீடியோவில் முதல் வேலையே, கதவைக் கழற்றி அடியை அறுத்துவிடுங்கள் என்பதுதான். புதுத் தரை உயருமல்லவா? இவரும் கதவைக் கழற்றத்தான் போனார். அந்த நேரம் பார்த்து சுங்கைப் பட்டாணியிலிருந்து மாமியார் போன்.

"ஆரம்பிச்சாச்சா? இன்னிக்கு விட்டா ஆடி பொறந்திடும், அப்புறம் ஒரு மாசம் கைய வைக்க முடியாது. ராகு காலம் முடிஞ்ச கையோட தொடங்கி, எமகண்டத்துக்குள்ள ஒரு அறையாவது முடிச்சிடுங்க."

"சரிம்மா. கதவைக் கழட்டிட்டு..."

"நல்ல காரியம் தொடங்கும்போது கதவைக் கழட்டுவாங்களா யாராவது? இழவு வீடா அது? அதெல்லாம் கடைசியில பாத்துக்க."

இவர் என்னைப் பார்த்தார். நான் பட்டதாரி, உயிரியல் படித்தவள், வாயைத் திறந்திருக்கலாம். ஆடி என்றதும் எனக்கும் ஒரு பயம் வந்துவிட்டது. குழந்தை விஷயம் பாருங்கள். கதவு கதவாகவே நின்றது.

தம்பியை ஹாலில், உத்தரத்தில் ஸ்பிரிங் போட்டுக் கட்டிய சாரோங் துணித் தொட்டிலில் தூங்கவைத்தேன். சுத்தியல் சத்தத்தில் விழிக்கக் கூடாதென்று அறைக்கதவைச் சாத்திக்கொண்டோம். நீட்டிக்கொண்டிருந்த பழைய ஆணித் தலைகளை அடித்து அமுக்கினோம், ஃபோமை விரித்தோம், இவர் கோர்க்க நான் எடுத்துக் கொடுத்தேன். வரிசை வரிசையாக இடுக்குகள் மறைந்தன. கடைசி வரிசையைக் கதவடியில் தட்டி இறக்கியபோது எமகண்டத்துக்கு இன்னும் நேரம் இருந்தது. இவர் பெருமையாக இடுப்பில் கைவைத்து நின்றார்.

நான் கதவை இழுத்தேன். வரவில்லை.

அந்தக் கதவு உள்பக்கமாகத் திறக்கும், அக்கா. புதுத் தரை அதன் அடியைவிட உயர்ந்து நின்றது. நாங்களே எங்களை உள்ளே வைத்துத் தரை போட்டுக்கொண்டோம். முதலில் சிரித்தோம். அப்புறம் ஹாலில் ஸ்பிரிங் கிறீச்சிட்டது. தம்பி விழித்துவிட்டான்.

அழுதான். "அம்மா இங்கதான் இருக்கேன் ராஜா" என்று கதவோடு வாயை வைத்துச் சொன்னேன். அழுகை கூடியது. தொட்டிலின் விளிம்பைப் பிடித்து எழ அவன் கற்றுக்கொண்டு கொஞ்ச நாள்தான் ஆகியிருந்தது. பிறகு மெத்தென்று ஒரு சத்தம். அழுகை நின்றது. நின்றதும்தான் நான் கதவைப் பிடித்து மறுபடி மறுபடி இழுத்தேன். இவர் கீலின் திருகாணிகளைக் கழற்றப் பார்த்தார். வருஷக்கணக்கில் பெயின்ட் மேல் பெயின்ட் அடித்து அவை முகமே இல்லாமல் இருந்தன. போட்ட பலகையைப் பிடுங்கப் பார்த்தார், பிடியே கிடைக்கவில்லை.

வெளியே 'பட், பட்' என்று உள்ளங்கைகள் பலகையில் அறையும் சத்தம். தவழ்கிறான். ஹால் தரை பழைய தரைதானே, எல்லாவற்றையும் சொன்னது. மேசைப் பக்கம் போகிறான். அலமாரியைத் தாண்டுகிறான். படிக்கட்டு முனையில் ஆடும் அந்தப் பலகைக்கு இன்னும் கொஞ்ச தூரம். படிக்கட்டுக்கு வாங்கிய தடுப்பு, பெட்டியிலிருந்து பிரிக்காமல் கிடந்தது.

நான் தரையில் விழுந்து, இரண்டு கையாலும் குத்தி, கீழே பார்த்துக் கத்தினேன். ஃபோமும் பலகையும் என் குரலைச் சாப்பிட்டுவிட்டன. கீழே டிவி ஓடிக்கொண்டிருந்தது லேசாகக் கேட்டது. ஓடிப்போய்ச் சன்னலைத் தள்ளித் திறந்தேன். தெருவில் கார்கள், எதிரே காப்பிக்கடையில் ஆட்கள், வெயில். பிறந்ததிலிருந்து தெருவைப் பார்த்து நான் கத்தியதில்லை. மரியம் என்று கூப்பிட்டிருக்க வேண்டும். "அக்கா!" என்றுதான் கத்தினேன். மறுபடி மறுபடி அதையேதான். எனக்கு வேறு பெயர் வரவில்லை.

மாடிப்படியில் தடதடவென்று சத்தம். பெட்டிகளை ஏற்றிய அவசரத்தில் படிக்கட்டின் கீழ்க்கதவை நாங்கள் பூட்டவில்லை. நீங்கள் போனபின் பழகியதுபோல் பூட்டியிருந்தால்? அதை மட்டும் நினைக்காமலிருக்கப் பார்க்கிறேன், முடியவில்லை.

"புள்ள எங்கிட்ட இருக்குக்கா! ஒண்ணுமில்ல, ஒண்ணுமில்ல. கதவைத் திறங்க!"

"திறக்க முடியல!"

"பூட்டிக்கிச்சா?"

"இல்ல... தரை போட்டுட்டோம்!"

"உள்ள இருந்துகிட்டேவா?" என்றாள் மரியம். அவள் சிரிப்பை அடக்குவது கதவு வழியே கேட்டது. தம்பி அவள் தோளில் இருந்துகொண்டு 'த்தா, த்தா' என்றான். நான் கதவில் சாய்ந்து அப்படியே கீழே உட்கார்ந்துவிட்டேன்.

இவர் பெயின்டைச் சுரண்டி, கீலைக் கழற்றிக் கதவைப் பெயர்த்து எடுக்கும்வரை மரியம் அவனைக் கீழே விடவில்லை. முதல் படியில் கை வைத்துவிட்டு, அடுத்த கையை எங்கே வைப்பதென்று யோசித்துக்கொண்டிருந்தானாம். தொட்டிலிலிருந்து விழுந்ததற்கு நெற்றியில் ஒரு சிவப்பு, அவ்வளவோடு போனது தொட்டிலடியில் கிடந்த தலையணை மேல் விழுந்ததால்தான். அவனை என் கையில் கொடுத்துவிட்டு மரியம் சொன்னாள்: "யாரையோ அக்கான்னு கூப்பிட்டீங்க. தெருவுல பாத்தேன், யாரும் வர்ற மாதிரி தெரியல. அதான் நானே வந்துட்டேன்."

நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். மாமியார் மறுபடி போன் செய்து, "எமகண்டத்துக்கு முன்னாடி முடிஞ்சிச்சா?" என்றபோது, "நல்லா முடிஞ்சிச்சும்மா, வெளிய வரவே முடியல" என்றார் இவர்.

அடுத்த சனிக்கிழமை ஹாலுக்கும் போடப்போகிறோம், ஆடியோ ஆவணியோ. முதலில் படிக்கட்டுத் தடுப்பு. வேண்டாம், அந்தத் தரையாவது சத்தம் போடட்டும் என்று இரண்டு நாள் யோசித்தேன். ஆனால் அன்றைக்கு அவன் எங்கே போகிறான் என்பதைத் தரை சொன்னது, அவ்வளவுதான். பிடித்து நிறுத்த ஓர் ஆள் வேண்டியிருந்தது. முழங்கால் சிராய்ப்புகளும் அப்படியேதான் இருக்கின்றன. போட்டு மூடுவோம்.

இத்தனை நாளில் உங்களை நான் ஒரு தடவைகூடக் கூப்பிட்டதில்லை, அக்கா. கூப்பிடும் முன்னாலேயே வந்து நின்றுவிடுவீர்கள். எனக்குக் குரல் இருக்கிறதா என்று பார்க்கக்கூட நீங்கள் விடவில்லை. நீங்கள் போனபிறகு நான் பயந்ததெல்லாம், என் குரலைக் கேட்க யாருமில்லை என்றுதான். அந்தச் சன்னலில் கத்தியதில் என் தொண்டை இன்னும் கரகரவென்று இருக்கிறது. அது எனக்குப் பிடித்திருக்கிறது. படிக்கட்டுக் கதவின் சாவி ஒன்றை மரியமிடம் கொடுத்துவிட்டேன். பயம் போய்விட்டதா என்று கேட்காதீர்கள். இந்த இரண்டு பக்கத்துக்குள் எத்தனை தடவை எழுந்துபோய் அவன் மூச்சைப் பார்த்தேன் என்று எண்ணக்கூட இல்லை. ஆனால் கூப்பிடுவதைப் பழகிக்கொண்டிருக்கிறேன், பெரிதாக ஏதும் வருவதற்கு முன், சின்னச் சின்னதாக.

விடிந்ததும் கீழே போய் மரியமிடம் கொஞ்சம் கோதுமை மாவு கேட்க வேண்டும். எங்கள் வீட்டில் மாவு இருக்கிறது.