எட்டாவது பாட்டு

2.6.2003
தன் மகள் சுபத்ராவின் கல்யாணத்துக்கு நாதஸ்வரம் வேண்டாம் என்று அண்ணா முடிவு செய்துவிட்டார். போன கல்யாணத்தில் வித்வான் எங்கோ தவறினாராம். "சி.டி.ல தப்பே வராதுடா." அண்ணாவுக்குச் சங்கீதம் தெரியாது, தப்பு மட்டும் தெரியும். தயாரிக்கும் பொறுப்பு எனக்கு. நூலகத்தில் வேலை பார்ப்பவனுக்கு எல்லாம் தெரியும் என்று குடும்பத்தில் ஒரு நம்பிக்கை.

9.6
பிள்ளையார்பாளையத்தில் கமல் கம்ப்யூட்டர் கடை வைத்திருக்கிறார். சுற்றிலும் தறிச் சத்தம். பன்னிரண்டு பாட்டை ஒரு சி.டி.யில் எழுதிக் கொடுத்தார். எட்டாவது, கெட்டிமேளம். தாலி கட்டும் நேரத்தில் வேண்டாத சொல் எதுவும் காதில் விழாமல் இருக்க வேண்டுமே.

11.6
ஊஞ்சல் பாட்டு இரண்டாவதாக வர வேண்டுமாம். புது சி.டி.

12.6
இல்லை, மூன்றாவதாக. மன்னி.

14.6
கமல் கும்பிட்டார். "சார், நீங்க மாத்திக்கினே இருக்கீங்க. அழிச்சி அழிச்சி எழுதற சி.டி. ஒண்ணு இருக்குது, அத்த எடுத்துக்கோங்க." எங்கள் குடும்பத்துக்கென்றே கண்டுபிடித்த பொருள்.

"ஆனா கடைசியா ஒரு தபா சாதா சி.டி.ல போட்டுக்கோங்க சார். பழைய பிளேயரு இத்தப் படிக்காது."

அண்ணா 'கடைசி' என்று சொல்லட்டும்.

24.6
பதினோராவது முறை அழித்தாயிற்று.

26.6
மாப்பிள்ளை அழைப்பு முடிந்ததும் அண்ணா: "காத்தால ஒண்ணே ஒண்ணு மாத்தணும்டா."

27.6
கமலை வீட்டுக்கே போய் எழுப்பி, மாற்றி வாங்கிக்கொண்டு மண்டபத்துக்கு ஓடினேன். ஊஞ்சல், பாட்டில்லாமலேயே முடிந்திருந்தது. மாங்கல்யம் மாப்பிள்ளை ப்ரஹ்லாத் கையில். வாத்தியார் கை தூக்கி "கெட்டிமேளம், கெட்டிமேளம்" என்றார். எட்டை அழுத்தினேன். மண்டபத்துப் பழைய பிளேயர், உள்ளே சி.டி.யே இல்லை என்று சாதித்தது.

முந்நூறு பேர், ஒரு சத்தம் இல்லை. அதில் மாப்பிள்ளையின் அம்மா காந்தா பக்கத்தில் இருந்தவளிடம் முணுமுணுத்தது நான் நின்ற தூண் வரை கேட்டது: "இன்னும் ரெண்டு எடம் பாத்திருக்கலாம். இவன்தான் அவசரப்பட்டான்."

சுபத்ரா தலை நிமிரவில்லை.

28.6
"எல்லாம் உன்னாலடா" என்கிறார் அண்ணா. ஆமாம், என்னாலதான். கமல் சாதா சி.டி.ல போட்டுக்கச் சொன்னாரே — கேட்டுண்டு சும்மா இருந்தேனே. அண்ணாவை உள்ளுக்குள்ள கேலி பண்ணிண்டே நாளைக் கழிச்சுட்டேன். குழந்தை அந்த வார்த்தையோட எப்படிக் குடித்தனம் பண்ணுவா?

21.9
செவிலிமேட்டில் சுபத்ராவின் தனிக்குடித்தனத்துக்குப் போனேன். காந்தா மாமி வந்திருந்தார். சமையலறையில் மிக்ஸி ஓடிக்கொண்டிருந்தது. மாமி என் பக்கம் குனிந்து ஏதோ ஆரம்பித்ததும் மிக்ஸி நின்றது.

"இப்போ சொல்லுங்கோம்மா, நன்னாக் கேக்கறது" என்றாள் சுபத்ரா, உள்ளிருந்தே.

மாமி நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஒண்ணுமில்லைமா. இட்லி மெத்துனு இருக்குன்னு சொல்லிண்டிருந்தேன்."

இட்லி இன்னும் அடுப்பில் வெந்துகொண்டிருந்தது.