கிரகணத்தன்று ஒரு வெள்ளரிக்காய்

என் செல்லக் கண்ணுக்கு,

மானம் போன கதையை நானே சொல்லிவிடுகிறேன். திருவான்மியூர் கடற்கரையில் "ஐயோ, கத்தியைக் கீழ போடுடி!" என்று மைக்கில் அலறியது உன் அம்மாதான். இயற்பியல் பேராசிரியை, மூடநம்பிக்கை ஒழிப்பு மேடைகளின் நிரந்தரப் பேச்சாளர்.

என்ன அழகான சாயங்காலம் அது! நிலா கடலிலிருந்து ஈரம் சொட்டச் சொட்ட எழுந்து வந்தது. கிரகணம் வெறும் நிழல், கர்ப்பிணி கத்தி எடுத்தால் பிள்ளைக்கு ஆகாது என்பதெல்லாம் கட்டுக்கதை என்று நான் கனவில் மிதக்கிற மாதிரி பேசிக்கொண்டே போனேன். அதை நம்பி, ஏழு மாத வயிற்றோடு நீ மேடையேறி வெள்ளரிக்காயில் கத்தியை வைத்தாய். எனக்கு அலைச்சத்தமே நின்றுபோனது. போன வருஷம் அந்த ஆஸ்பத்திரி வராந்தாவில் நாம் இரண்டு பேரும் வெறுங்கையோடு... சரி, அதை விடு.

கூட்டத்தில் ஒரு அம்மா, "இன்னா டீச்சர், நீயே பயந்துக்கினா நாங்க இன்னா பண்றது?" என்றாள். எல்லாரும் சிரித்தார்கள், உன்னைத் தவிர. இறங்கிப் போனவள் இன்னும் என் போனை எடுக்கவில்லை. மாப்பிள்ளைதான் 'நல்லா இருக்கா அத்தை' என்று திருட்டுத்தனமாக மெசேஜ் அனுப்புகிறார். உன் பெரியம்மாவோ அந்த வீடியோவை மயிலாப்பூர் முழுக்க அனுப்பிவிட்டாள், 'எங்க வீட்டு விஞ்ஞானி' என்ற தலைப்போடு.

இனி நீ வானத்தையே நறுக்கினாலும் வாயைத் திறக்க மாட்டேன். வீட்டுக்கு வாடி.

இப்படிக்கு,
மைக் பறிக்கப்பட்ட உன் அம்மா

பி.கு.: வீடியோவில் மணி பார்த்தேன். நான் அலறியபோது கிரகணம் தொடங்கவே இல்லை. இன்னும் கால் மணி நேரம் இருந்தது.